ஊதாப் போன்களின் கடைக்காரன்

தீவு ஊரான ஃபங்காமாலாவில் கலாஃபியை யாரும் கலாஃபி என்று கூப்பிடுவதில்லை. ‘சனிக்கிழமை’ என்றுதான் கூப்பிடுகிறார்கள். மூக்கொழுகும் பிள்ளைகள்கூட. “சனிக்கிழமை மாமா, எங்க அப்பா எஞ்சின் ரெடியான்னு கேக்கச் சொன்னாரு” என்று பட்டறை வாசலில் வந்து நிற்கும். ஏழெட்டு வருடமாக இந்தப் பெயரை அவன் முதுகில் சுமந்துகொண்டு திரிகிறான். ஏற்றி வைத்த புண்ணியவான் பெனிசிமானி.

நடந்தது இதுதான். வெள்ளைக்காரர் ஒருத்தரின் பாய்மரப் படகு, ஆளில்லாத ஒரு திட்டின் ஓரம் எஞ்சின் பழுதாகி நின்றுவிட்டது. கலாஃபி அங்கேயே தங்கி வேலை பார்த்தான். தேங்காயும் மீனும் தின்று, வெள்ளைக்காரரின் ரம்மைக் குடித்து, நாள் கணக்கு விட்டுப்போயிற்று. கிளம்பும்போது போனை எடுத்துப் பார்த்தான். சனி என்றது. சரி, நாளைக்குக் கோயிலுக்கு நேரத்தோடு போய்விடலாம் என்று படகை விட்டான். வளைகுடாவுக்குள் நுழையும்போது கையில் காசு இருந்தது, மனசில் சந்தோஷம் இருந்தது. எஞ்சினை முழுசாகத் திருகிவிட்டு, வாய்விட்டுப் பாடிக்கொண்டே வந்தான். எல்லாம் சரி. அன்றைக்கு ஞாயிறு. கரையில் போதகர் பிரசங்கத்தின் உச்சியில் இருந்தார்.

ஞாயிற்றுக்கிழமை அடுப்பு விறகுகூட வெட்டாத ஊர் அது. எஞ்சின் சத்தம் கேட்டுப் போதகர் ஃபோனுவா நிறுத்தினார். வெள்ளைச் சட்டை போட்ட ஊர் முழுக்க ஜன்னல் பக்கம் திரும்பியது. கலாஃபி கையாட்டினான். அந்த வருடம் அவனுக்குப் பிரசங்கம் பண்ண முறை வந்திருந்தது. அதோடு போயிற்று.

போனின் தேதியை மாற்றி வைத்தவன் பெனிசிமானி. கலாஃபி திட்டுக்குப் போகுமுன் ஒரு வியாழக்கிழமை, தன் கடையில் போனில் எதையோ ஏற்றிக்கொடுத்துவிட்டுத் தேதியைத் திரும்ப நேராக்க மறந்துவிட்டான். கலாஃபி நேரே போய்ச் சண்டை போட்டான். பெனிசிமானி அசரவில்லை.

“சனின்னு போட்டிருந்தா வருஷத்தையும் சேத்துப் பாத்திருக்கணும் மச்சான். வருஷமே தப்பா இருந்துச்சுல்ல? வருஷம் தப்புன்னா கெழமை மட்டும் எப்பிடிச் சரியா இருக்கும்? நீ படிக்காதவன்னா அதுக்கு என் கடை என்ன பண்ணும்?”

 அதோடு நிற்காமல் ‘சனிக்கிழமை’ என்று பெயரும் வைத்துவிட்டான்.

இனி பெனிசிமானியைப் பார்க்கலாம். துறையில் கப்பல் வந்தால் கயிறு வாங்கிக் கட்டுவது அவன் வேலை. கப்பல் வாரத்துக்கு ஒருமுறை. மிச்ச நாளெல்லாம் அவன் ‘மேனேஜர்’. அப்படித்தான் தன்னைச் சொல்லிக்கொள்வான். கோயில் மண்டபத்துக்குப் பின்னால், வேலியை ஒட்டி அவன் வீடு. வீட்டுக்குப் பின்னால் தகரக் கொட்டகை. கொட்டகைக்குள் பெரிய பிஸ்கட் டின் ஒன்று கவிழ்ந்து கிடக்கும். அதன்மேல் மூடி கழன்ற ஒரு மடிக்கணினி. அதற்கு அவன் வைத்த பெயர் சர்வர். நாலைந்து எழுத்துக்குப் பொத்தான் இல்லை, தீக்குச்சியால் குத்துவான். பல்லி உள்ளே போகாமலிருக்கப் பக்கத்தில் கொசுவர்த்தி புகைந்துகொண்டே இருக்கும். சாமி படத்துக்கு ஊதுவத்தி ஏற்றின மாதிரி.

வியாழக்கிழமை சாயங்காலம் கடை திறக்கும். முதலில் குளிப்பான். அப்புறம் இடுப்பில் பாய் கட்டிக்கொள்வான். கோயிலுக்கும் சாவுக்கும் பெரிய மனிதர் வீட்டுக்கும் கட்டிக்கொண்டு போகிற அதே பாய். சட்டை இல்லாவிட்டாலும் பாய் இருக்கும். “பாய் கட்டாம கைவச்சா சர்வரு மதிக்காது” என்பான். பிறகு மரத்தில் தொங்கவிட்ட லாரிச் சக்கர வளையத்தை இரும்பால் மூன்று தட்டு. ஜனங்கள் போனைத் தூக்கிக்கொண்டு வருவார்கள். கையோடு ஒரு கிழங்கோ, ஒரு டின் மாட்டிறைச்சியோ வரும். வராவிட்டாலும் வேலை நடக்கும். ஆனால் மெதுவாக நடக்கும்.

ஊரில் எல்லாருக்கும் ஒரே போன். ஊதா நிறம். கோயிலின் ஐம்பதாவது ஆண்டுக்கு, ஆக்லாந்தில் போய்ப் பிழைக்கிற ஊர்க்காரர்கள் பெட்டி பெட்டியாக அனுப்பி வைத்தார்கள். என்ன பாசம் என்று ஊர் அழுதது. மறு வருடமே கம்பெனி அந்தப் போனைக் கைகழுவிவிட்டது. ஆப் இறக்குகிற கடையையும் இழுத்து மூடிவிட்டது. தெரிந்துதான் மலிவாக வாங்கி அனுப்பினார்களா என்று கேட்பது, தானம் வாங்கினவனுக்கு அழகில்லை. யாரும் கேட்கவில்லை.

பெனிசிமானி மட்டும் தலைநகரத்துக்குக் கப்பலேறிப் போனான். போன் கம்பெனி ஆபீசில் குளுகுளு அறை. கண்ணாடிக்குப் பின்னால் ஒரு பெண்.

“இதுக்கு ஆதரவு நிறுத்தியாச்சுங்க.”

“யாரைக் கேட்டு நிறுத்தினீங்க?”

“கம்பெனி நிறுத்திருச்சுங்க. நீங்க புது மாடல் வாங்கிக்கலாம்.”

“எங்க ஊரு நிறுத்தலையேம்மா.”

அந்தப் பெண் சிரித்தாளாம். அந்தச் சிரிப்பில்தான் கடை பிறந்தது. எங்கெங்கோ உலகத்தின் மூலைகளில் இதே பைத்தியம் பிடித்த ஆட்கள் இருந்தார்கள். அவர்களிடம் பழைய ஆப்களையெல்லாம் வாங்கிச் சேர்த்தான். போன் தன் பழைய கடையைத் தேடிக்கொண்டு போகும்போது, வழியிலேயே மடக்கி, ‘நான்தான் கடை’ என்று அவன் சர்வர் சொல்லும். போன் நம்பிவிடும். ஒரே ஒரு சிக்கல். கடைக்கு ஒரு முத்திரை உண்டு. அது காலாவதியாகிப் பல வருடம் ஆகிவிட்டது. அதனால் முத்திரை செல்லுபடியாக இருந்த ஒரு நாளுக்குப் போனின் தேதியைப் பின்னால் தள்ள வேண்டும். ஆப் இறங்கியதும் மறுபடி இன்றைக்குக் கொண்டுவர வேண்டும். மறக்காமல் கொண்டுவர வேண்டும். அந்தக் கதைதான் மேலே சொன்னது.

“வா, உக்காரு. பழைய வருஷத்துக்கு ஒரு நடை போயிட்டு வந்துருவோம்” என்பான் போனை வாங்கியதும். பறக்கிறவர்களைக் கண்டால் ஆகாது. “அவசரமா? அவசரக்காரங்களுக்குன்னே புதுப் போனு விக்குறாங்க. போயி வாங்கிக்க.”

அவன் பெண்டாட்டியும் அவசரக்காரிதான். ஆக்லாந்தில் ஆஸ்பத்திரி பெருக்கப் போனவள் முதல் சம்பளத்தில் புதுப் போன் வாங்கிவிட்டாள். அந்தப் போனும் ஊதாப் போனும் முகம் பார்த்துப் பேசிக்கொள்ளாது. எந்த ஆப் போட்டும் சேரவில்லை. “அவளுக்கு நான் ஆதரவு நிறுத்தல. அவதான் நிறுத்திட்டா” என்று ஆண்கள் கூடிக் கவா வேர்ச்சாறு குடிக்கிற இடத்தில் சொல்வான். எல்லாரும் சிரிப்பார்கள். அவனும் சிரிப்பான். மறு கிண்ணம் கொஞ்சம் வேகமாக உள்ளே போகும்.

இன்னொரு சங்கதி. ஊதாப் போன்களுக்குப் புதிதாகக் கணக்குத் தொடங்க முடியாது. அதையும் கம்பெனி அடைத்துவிட்டது. பிழைத்துக் கிடந்த ஒரே கணக்கு பெனிசிமானியுடையது. ஊரிலுள்ள அத்தனை போனையும் அந்த ஒரு கணக்கில் கட்டிவிட்டான். விளைவு, ஒருத்தர் ஒரு ஆப்பை இறக்கினால் அது எல்லார் போனிலும் வந்து குதிக்கும். ஒருத்தர் அழித்தால் எல்லாரிடமிருந்தும் போகும். குறிப்பிட்ட ஒரு போனுக்கு மட்டும் என்று தனியாக ஒரு குறி போட்டுப் பிரிக்கலாம்தான். ஆனால் தேதியைப் பின்னால் தள்ளும்போது அந்தக் குறி சில சமயம் தானாகக் கழன்றுவிடும். “கெடச்சா எல்லாருக்கும் கெடைக்கணும். ஆதித் திருச்சபையில அப்பிடித்தானே இருந்தாங்க?” என்று அதையும் பெருமையாக்கிவிட்டான்.

ஆதித் திருச்சபைக்கு இவ்வளவு கஷ்டம் இருந்திருக்காது. கோயில் பாட்டுப் புத்தகமும் கடல் ஏற்றவற்றக் கணக்கும் வந்தவரைக்கும் ஊர் வாழ்த்தியது. பிறகு யாரோ ஒரு பையன் புண்ணியத்தில் போதகர் போனில் சீட்டாட்டம் வந்து உட்கார்ந்தது. ஊர் அதிகாரி மோவாலா தலைமுடி வளர்க்கிற ஆலோசனை ஆப் கேட்டது எல்லாருக்கும் தெரிந்து போயிற்று. தெரியாதவர்களுக்குப் பெனிசிமானியே துறைமுகத்தில் நின்று சொன்னான். அவன் வாய் அப்படி. ரகசியம் அவன் வயிற்றில் கவா குடித்து முடிக்கிற நேரம்கூடத் தங்காது.

இப்படியிருக்கும்போதுதான் ஒரு வெள்ளிக்கிழமை அந்தக் குழந்தைக் கால் வந்தது.

மண்டபத்தில் பாட்டுப் பயிற்சி. திருச்சபை மாநாட்டுக்கு இன்னும் சில மாதம். ஊர் முழுக்க அங்கே. திடீரென்று எல்லாருடைய போனும் சேர்ந்தாற்போல் ஒலித்தது. இளஞ்சிவப்பில் ஒரு பொட்டு, அதில் ஒரு குட்டிப் பாதம். போதகர் மூக்குக்கண்ணாடியை இறக்கிவிட்டு, பழக்கதோஷத்தில் சத்தமாகவே வாசித்தார்: “வாழ்த்துகள்! இந்த வாரம் உங்கள் குழந்தை ஓர் ஆப்பிள் விதை அளவு.”

ஊர் மொத்தமும் குனிந்து தன் தன் போனைப் பார்த்தது. கடைசி வரிசையில் கட்டைக்குரல்காரர் ஒருத்தர் மட்டும் கேட்டார். “போதகரய்யா, உங்களுக்கு எத்தனாம் மாசம்?”

சிரிப்பு ஓய்ந்ததும் ஊர் யோசிக்க ஆரம்பித்தது. ஒரு போனில் கேட்டால்தான் எல்லாப் போனிலும் வரும். அப்படியானால் கேட்டது யார்? கல்யாணமான பெண் என்றால் மறைக்க என்ன இருக்கிறது? ஆக, கல்யாணமாகாதவள். அவ்வளவுதான். அன்று மாலைக்குள் வயதுப் பெண் இருக்கிற ஒவ்வொரு வீட்டிலும் விசாரணை நடந்தது. கெட்ட மீன் தின்று வாந்தியெடுத்த ஒரு பெண்ணை அவள் சித்திமார் நாலு பேர் சுற்றி உட்கார்ந்துகொண்டு அழவைத்தார்கள். ஆஸ்திரேலியாவுக்குப் பழம் பறிக்கப் போன புருஷன்மார் அங்கிருந்து பெண்டாட்டிக்குப் போன் போட்டு, ஆடு எப்படி இருக்கிறது, மழை பெய்ததா என்று சம்பந்தமில்லாமல் கேட்டார்கள்.

அண்ணன் தம்பிகளுக்குத்தான் பெரிய நெருக்கடி. ஊர் வழக்கப்படி கூடப்பிறந்தவளிடம் கர்ப்பம், பிள்ளை என்கிற பேச்சை எடுக்கக் கூடாது. அவள் இருக்கிற இடத்தில் யாராவது எடுத்தாலும் எழுந்து போய்விட வேண்டும். எல்லா ஆண்களின் போனிலும் அந்தப் பாதம் இருந்தது; யாராலும் யாரையும் ஒரு வார்த்தை கேட்க முடியவில்லை. போனைக் கவிழ்த்து வைத்துவிட்டு நடமாடினார்கள்.

ஆகவே எல்லாரும் பெனிசிமானியிடம் போனார்கள். அவன் சர்வருக்குத் தெரியும், எந்தப் போன் கேட்டதென்று. கிழங்கு கொண்டுபோனார்கள். சுட்ட பன்றிக்குட்டியின் ஒரு பக்கத்தையே கொண்டுபோனவர்கள் உண்டு. அவன் தின்றான். கையைத் துடைத்துக்கொண்டு, “கடைக்குன்னு ஒரு மரியாதை இருக்கு” என்றான்.

“மோவாலா தலைமுடிக்கு இருந்துச்சா அந்த மரியாதை?”

“அது போன வருஷம். இப்போ நிர்வாகத்தை மாத்திட்டோம்.”

ஊருக்கு எரிச்சல் ஏறிவிட்டது. ரகசியத்தைத் தாங்காத ஆள் ஒன்றைத் தாங்கினால், அது எவ்வளவு பெரிய ரகசியமாக இருக்கும்! திங்கட்கிழமை ஊர்க்கூட்டம். அதில் இதைப் பேசி முடிப்பதாக மோவாலா வீடு வீடாகச் சொல்லிவிட்டான்.

கலாஃபிக்கு இதைவிட நல்ல சேதி வேறு என்ன? ஞாயிறு மத்தியானம், கோயில் முடிந்து சாப்பாட்டுக்கு உட்கார்ந்தபோது அவன் முகம் தெளிவாக இருந்தது.

“நாளைக்கு அவன் கடைக்கு மூடுவிழா. வேற யாரும் எந்திரிக்கலேன்னா நானே எந்திரிச்சுச் சொல்லப்போறேன். ஊரு மானத்தை வாங்குற கடை எதுக்குன்னு கேப்பேன்.”

பெண்டாட்டி லோசே மரவள்ளிக் கிழங்கை அவன் தட்டில் வைத்தாள். “சொல்லு. நல்லாச் சொல்லு. ஆனா சொல்றதுக்கு முன்னாடி ஒன்னு யோசிச்சுக்க.”

“என்னத்தை?”

“என்னன்னு நான் சொல்ல முடியாது. நீ கேக்கவும் முடியாது.”

“ஏன் கேக்க முடியாது?”

“ஏன்னு சொன்னா, விஷயத்தையே சொன்ன மாதிரி ஆயிடும்.”

கலாஃபி கிழங்கைக் கீழே வைத்தான். அண்ணன்காரன் காதில் போடக்கூடாத விஷயம் உலகத்தில் ஒன்றே ஒன்றுதான். லோசே அவனைப் பார்க்காமல், வாசலைப் பார்த்துப் பேசினாள்.

“ஒரு வீட்டுக்கு நாம மூணு தடவை பாயும் மரப்பட்டைத் துணியும் சீரா எடுத்துட்டுப் போனோம். ஊரே போச்சு. பாட்டுப் பாடி, பன்னி சுட்டு, பேரு என்ன வைக்கிறதுன்னு வேற சண்டை போட்டோம். மூணு தடவையும் நாலாம் மாசம் தாண்டல. ஒவ்வொரு தடவையும் அந்த ஊரு மூஞ்சிலதான் அவ முழிக்க வேண்டியிருந்துச்சு. இந்தத் தடவை ஊருக்குச் சொல்லாம, வாராவாரம் எவ்வளவு வளந்துருக்குன்னு தான் மட்டும் பாத்துக்கிட்டு இருக்கணும்னு ஒருத்தி நெனச்சா, அது தப்பா? தன் போனுக்கு மட்டும்னுதான் கேட்டிருக்கா. அவனும் சரின்னுதான் சொல்லிருக்கான். அந்தப் பாழாப்போன குறி கழண்டுக்கிச்சு.”

எதிர்ப்பக்கம் ரொட்டிப்பலா மரத்துக்கு அப்பால் அவன் தங்கை சேய்னியின் வீடு தெரிந்தது. நாற்பது வயதாகிறது அவளுக்கு. புருஷன் இசிலேலி முற்றத்துக்கு வந்து பாயை உதறிவிட்டு மறுபடி உள்ளே போனான். கலாஃபிக்கு அந்த மூன்று தடவையும் ஞாபகம் வந்தது. மூன்று தடவையும் நெய்யாஃபு நகர ஆஸ்பத்திரிக்கு அவளை ஏற்றிக்கொண்டு போனது அவன் படகு. அண்ணன் உள்ளே போகக்கூடாது. துறையில் படகிலேயே உட்கார்ந்திருந்தான். எஞ்சினை அணைத்தால் உள்ளேயிருந்து ஏதாவது கேட்டுவிடுமோ என்று, அணைக்காமலே உட்கார்ந்திருந்தான்.

“நான் ஒன்னும் கேக்கல” என்றான்.

“நானும் ஒன்னும் சொல்லல” என்றாள் லோசே.

திங்கள் காலை மண்டபம் நிறைந்துவிட்டது. ஆண்கள் ஒரு பக்கம், பெண்கள் ஒரு பக்கம். பெனிசிமானி பாய் கட்டி, தலைக்கு எண்ணெய் தடவி, விருது வாங்க வந்தவன் மாதிரி முன்னால் உட்கார்ந்திருந்தான். சேய்னி பெண்கள் வரிசையில் நடுவில். கண் தரையில்.

மோவாலா எழுந்தான். தலைமுடிக் கணக்கை நேர்செய்ய அவனுக்கும் இது நல்ல வாய்ப்பு. “ரெண்டே வழி. கேட்டது யாருன்னு நீ இங்க சொல்லணும். இல்லாட்டி அந்தக் காலை எல்லார் போன்லேருந்தும் எடுத்துட்டு, கடையையும் மூடணும்.”

போதகர் தலையாட்டினார். “நேத்து ஜெபத்துக்கு நடுவுல வருது. ஒரு எலுமிச்சை அளவு வர இன்னும் எத்தனை வாரம்னு சொல்லுது. நான் எப்பிடி ஜெபம் பண்றது?”

“எடுக்க முடியாதுங்கய்யா” என்றான் பெனிசிமானி.

“ஏன்?”

“ஒன்னுல எடுத்தா எல்லாத்துலயும் போயிடும். கேட்டவங்களுக்கும் போயிடும்.”

“அதான் கேக்குறோம். கேட்டது யாரு?”

பெனிசிமானி தொண்டையைக் கனைத்தான். பிரசங்கத்துக்குக் கனைப்பது மாதிரி. “நான்தான்.”

யாரோ ஒருத்தி க்ளுக்கென்றாள். மோவாலா இரண்டு கையையும் இடுப்பில் வைத்துக்கொண்டான். “நீயா? உனக்கா?”

“எனக்கு இல்ல. என் பன்னிக்கு.”

மண்டபம் வெடித்தது. கட்டைக்குரல்காரர் தரையில் அடித்துச் சிரித்தார். பெனிசிமானி சிரிக்கவில்லை. கை உயர்த்தி அமைதி கேட்டான்.

“என்னய்யா சிரிப்பு? மாநாட்டுக்குப் பன்னி வேணும்னு எல்லாரும்தானே பேசிக்கிறீங்க? சினைப்பன்னி கணக்கு யாருகிட்ட இருக்கு? எல்லாம் குத்துமதிப்பு. நான் மேனேஜரு. எனக்குக் கணக்கு வேணும். வாரம் எத்தனை, குட்டி எவ்வளவு பெருசு, எப்போ போடும், எல்லாம் கையில இருக்கணும்.”

“அது மனுசப் புள்ளைக்கு உண்டானதுடா!”

“பன்னிக்குன்னு கம்பெனி ஒன்னும் செய்யலையே. இருக்குறதைத்தானே வச்சுக்க முடியும்? பதினாறு வாரம் ஆனதும் நிறுத்திக்குவேன். பன்னி அதுக்குள்ள குட்டி போட்டுரும்.”

“ஏண்டா, அதை வெள்ளிக்கிழமையே சொல்லித் தொலைச்சிருக்கலாம்ல? என் பொண்ணைப் போட்டு அந்த அடி அடிச்சிருக்க மாட்டேனே” என்று பெண்கள் பக்கமிருந்து ஒரு குரல்.

“வெக்கமா இருந்துச்சு அக்கா.”

இதுவரை யாரும் அவன் வாயில் கேட்டிராத வார்த்தை. சிரிப்பு இன்னும் உயர்ந்தது. ‘பன்னி டாக்டர்’ என்று ஒருத்தன் கத்தினான். ‘பன்னிக்குப் புருஷன்’ என்றான் இன்னொருத்தன். பாய் கட்டாமல் சர்வரைத் தொடாதவன், கடைக்கென்று மரியாதை கேட்டவன், அத்தனையையும் நேராக உட்கார்ந்து வாங்கிக்கொண்டான்.

மோவாலா விடுகிறதாக இல்லை. “இரு இரு. உன் பன்னி வயரைக் கடிக்குதுன்னு நாலு பக்கமும் கல்லு வச்சு அடைச்சுதானே வச்சிருக்க? வெளிய விட்டதே இல்ல. சினை எங்கேருந்து வந்துச்சு? அதையும் உன் கடையிலதான் இறக்குனியா?”

பெனிசிமானியின் முகத்தில் முதன்முறையாக எண்ணெய்க்கு மேல் வியர்வை தெரிந்தது. வரிசையைத் துழாவினான். கண் ஒரு இடத்தில் நின்றது.

“கலாஃபி மச்சானோட ஆண் பன்னியைக் கொண்டாந்து சேத்தோம். போன வாரம்.”

ஊர் மொத்தமும் திரும்பியது. கலாஃபியின் ஆண் பன்றி ஊரறிந்தது. காலில் கயிறு கட்டிப் பட்டறைக்குப் பின்னால் நிற்கும், அவன் அவிழ்க்காமல் எங்கும் போகாது. போன வாரம் முழுக்க அது அங்கேயேதான் நின்றது. அது கலாஃபிக்குத் தெரியும். பெனிசிமானிக்கும் தெரியும்.

“என்ன சனிக்கிழமை? உண்மைதானா?” என்றான் மோவாலா.

ஏழெட்டு வருடமாகக் காத்திருந்த நிமிஷம். ஒரு வார்த்தை போதும், இல்லை என்கிற வார்த்தை. பிஸ்கட் டின்னும் கொசுவர்த்தியும் லாரிச் சக்கரமும் அன்றைக்கே கடலுக்குள் போய்விடும். கலாஃபி எழுந்து நின்றான். போதகரைப் பார்த்தான். பெண்கள் பக்கம் பார்க்கக் கூடாது என்று நினைத்துக்கொண்டே பார்த்துவிட்டான். சேய்னி தரையைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாள். அவள் வலது கை மட்டும் போனைக் கவிழ்த்து, வயிற்றோடு சேர்த்துப் பிடித்திருந்தது.

“ஆமா” என்றான் கலாஃபி. “போன வாரம்தான். நானே ஓட்டிட்டுப் போனேன்.”

“சத்தியமா?”

“பன்னி சேந்ததுக்கு எல்லாமா சத்தியம் கேப்பாங்க? உனக்கு வேணும்னா அடுத்த தடவை வந்து நின்னு பாரு.”

அதோடு கூட்டம் கலைந்தது. மோவாலாவால் சிரிப்பை மீறிப் பேச முடியவில்லை. போதகர் மட்டும் யோசித்துவிட்டு, குட்டி போட்டால் முதல் குட்டி மாநாட்டுக்கு என்றும், வாராவாரம் வளர்ச்சியை மண்டபத்தில் வாசிக்கலாம் என்றும் தீர்ப்புச் சொன்னார். குழந்தைக் கால் போனிலேயே இருக்கட்டும், எல்லாரும் பார்த்துக்கொள்ளலாம். ஊருக்கு ஏகப்பட்ட உற்சாகம். வெளியே போகும்போதே, “ஆப்பிள் விதைன்னா எத்தனை குட்டி இருக்கும்? எட்டா? பத்தா?” என்று பந்தயம் கட்ட ஆரம்பித்துவிட்டார்கள். சேய்னி மற்றப் பெண்களோடு பேசிக்கொண்டே, யாரும் திரும்பிப் பார்க்காமல், வீட்டுக்குப் போனாள்.

கலாஃபி பட்டறைக்கு வந்து, கழற்றிப்போட்டிருந்த ஒரு கார்புரேட்டரைக் கையில் எடுத்தான். துடைத்த இடத்தையே துடைத்தான். போதகர் முன்னால் பொய் சொன்னது நெஞ்சில் நின்றது. கொஞ்ச நேரத்தில் வாசலில் நிழல் விழுந்தது. பெனிசிமானி. உள்ளே வராமல் நின்றான்.

“வா” என்றான் கலாஃபி, தலை நிமிராமல். “உனக்கு என்ன பேரு வச்சிருக்காங்க?”

“இதுவரைக்கும் மூணு. பன்னி டாக்டருதான் நிக்கும்னு நெனைக்கிறேன்.”

“நிக்கும். நான் சொல்றேன், நிக்கும்.”

பெனிசிமானி உள்ளே வந்து கவிழ்த்து வைத்த பெயிண்ட் டப்பாவில் உட்கார்ந்தான். இரண்டு பேரும் எதைப் பற்றிப் பேசக் கூடாதோ அதைச் சுற்றி உட்கார்ந்திருந்தார்கள். தங்கையின் விஷயத்தை அண்ணன் முன்னால் வெளியாள் எடுக்க முடியாது. அண்ணனும் கேட்க முடியாது.

“ஆஸ்பத்திரிக்குன்னு யாராவது படகு கேட்டா…” என்று ஆரம்பித்து நிறுத்திக்கொண்டான் பெனிசிமானி.

“எஞ்சின் எப்பவும் ரெடியாத்தான் இருக்கு.”

“அது போதும்.”

கலாஃபி கார்புரேட்டரில் ஒரு திருகை முடுக்கினான்.

“நாலு மாசம், மச்சான். ஊரு முழுக்க என் வீட்டுக் கல்லடைப்புக்குள்ளயே தலையை விட்டுப் பாத்துக்கிட்டு இருக்கும். வேற எந்த வீட்டையும் பாக்காது. நாலு மாசம் தாண்டிட்டா அப்புறம்…”

“அப்புறம் என்ன?”

“ஒன்னுமில்ல. பன்னி குட்டி போட்டுரும்னு சொல்ல வந்தேன்.”

கலாஃபி கார்புரேட்டரைக் கீழே வைத்தான். பெனிசிமானியின் முகத்தை அன்றைக்குத்தான் நேராகப் பார்த்தான். “டேய், அது போடாது. அதுக்குச் சினையே இல்ல. பதினாறாவது வாரம் ஊரு கூடி நிக்கும்போது என்னடா பண்ணுவ? எனக்கும் சேத்துல்ல செருப்பு விழும்?”

“அதுக்குத்தான் வந்தேன்.” பெனிசிமானி எழுந்தான். பின்கதவு வழியாக எட்டிப் பார்த்தான். ஆண் பன்றி மரத்தடியில் காலில் கயிறோடு படுத்துக்கிடந்தது, உலகத்தில் யாருக்கும் எந்தப் பதிலும் சொல்லத் தேவையில்லாத மாதிரி. “நேத்துலேருந்து அந்தப் பொட்டைப் பன்னி கல்லை முட்டிக்கிட்டே நிக்குது. நல்ல பருவம். ஒரு வாரம் முன்னே பின்னே ஆனா யாருக்கும் தெரியாது.”

கலாஃபியும் பின்னால் வர, மரத்தடிக்குப் போய் முடிச்சு அவிழ்க்க வசதியாகக் கயிற்றின் நுனியைத் தேடி எடுத்தான். மண்ணைத் தட்டிவிட்டு, அதைக் கலாஃபியின் கையில் வைத்து, விரல்களை மூடிவிட்டான்.

“இப்பவே ஓட்டிட்டு வா மச்சான். எல்லாரும் சாப்பிடப் போயிருப்பாங்க. மண்டபத்து வழியா வேணாம், கடலோரமா வா. வர்ற வழியில அதுகிட்டயும் சொல்லி வை, இது போன வாரமே முடிஞ்ச காரியம்னு.”